கிருஷ்ணன் – மதுரம்: ஜோடியில் பாதிப் பெயர் எங்கே போனது?

திரைச்சீலை (இழையைத் தொடங்கியவர்)

போன வாரம் வாலாஜா சாலை வழியாகப் பேருந்தில் போய்க்கொண்டிருந்தேன். கலைவாணர் அரங்கத்தைத் தாண்டும்போது முன் இருக்கையில் இருந்த கல்லூரிப் பையன் தன் நண்பனிடம், "கலைவாணர்னா யாருடா, கவிஞரா?" என்று கேட்டான். நண்பன் செல்போனில் தேடிப் பார்த்துவிட்டு, "காமெடியன்டா, என்.எஸ்.கிருஷ்ணன்" என்றான். அதோடு முடிந்தது. அடுத்த நிறுத்தத்தில் இறங்கிவிட்டார்கள்.

பையன்கள் மேல் எனக்கு வருத்தம் இல்லை. தேடியாவது பார்த்தார்களே. எனக்கு உறுத்தியது வேறு. என் அப்பா அவர் பெயரைத் தனியாகச் சொல்லி நான் கேட்டதே இல்லை. "கிருஷ்ணன் மதுரம்" என்று ஒரே மூச்சில்தான் சொல்வார், இட்லி சாம்பார் என்பதைப் போல. 1936-இல் 'வசந்தசேனா' படப்பிடிப்பில் சந்தித்து, அந்த ஆண்டே கல்யாணம் செய்துகொண்டு, அதன் பிறகு இருபது வருடம் சேர்ந்தே மேடையிலும் படத்திலும் நின்றவர்கள். சேர்ந்து நடித்த படங்கள் மட்டும் நூறுக்கு மேல் என்று சொல்வார்கள். இன்றைக்கு அரங்கம் அவர் பெயரில், சிலை அவருக்கு, பட்டம் அவருக்கு. மதுரம் அம்மா எங்கே?

கிருஷ்ணன் பெரியவர் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் அந்தச் சிரிப்பை இரண்டு பேர் சேர்ந்து செய்தார்கள் என்பதை மறந்துவிட்டோமோ என்று தோன்றுகிறது. இங்கே பழைய படம் பார்ப்பவர்கள் நிறைய பேர் இருக்கிறீர்கள். என்ன நினைக்கிறீர்கள்?

சும்மா_ஒருத்தன்

அண்ணே, நான் 2003-இல் பிறந்தவன். அந்தப் பையன்கள் கட்சிதான். எங்கிருந்து தொடங்குவது, என்ன பார்ப்பது என்று யாராவது சொன்னால் புண்ணியம். கறுப்பு வெள்ளைப் படத்தில் எல்லாரும் பாடிக்கொண்டே இருக்கிறார்கள், பத்து நிமிடத்தில் தூங்கிவிடுகிறேன்.

ரீல்பெட்டி

தம்பி, தூக்கம் வருவது உன் தப்பு இல்லை. அந்தக் காலத்துப் படத்தில் பதினைந்து இருபது ரீல் ஓடும், பாட்டுக்குக் கணக்கே கிடையாது. அப்படி உட்கார்ந்திருந்த சனத்தை எழுப்பி உட்கார வைப்பதுதான் இவர்கள் வேலையே.

எங்கள் அப்பா புதுக்கோட்டைப் பக்கம் டூரிங் டாக்கீஸில் ஆபரேட்டராக இருந்தவர். எனக்கு விவரம் தெரிந்த நாளில் இவர்கள் படமெல்லாம் ரொம்பப் பழசு. பிரதி தேய்ந்து, மழை பெய்கிற மாதிரி கோடு கோடாக ஓடும். அப்படியும் தரை டிக்கெட்டில் கூட்டம் இருக்கும். வாடகைக்குப் படம் எடுக்கப் போகும்போது கொட்டகை முதலாளி கேட்கும் முதல் கேள்வி, "கிருஷ்ணன் மதுரம் உண்டா?" என்பதுதானாம். கதாநாயகன் யார் என்பது அப்புறம்.

இதில் தொழில் ரகசியம் ஒன்று உண்டு. அவர்களுடைய நகைச்சுவைப் பகுதி பல படங்களில் மூலக்கதையோடு ஒட்டாது. கிருஷ்ணன் தனக்கென்று ஒரு குழு வைத்திருந்தார். புளிமூட்டை ராமசாமி, குளத்து மணி, டி.எஸ்.துரைராஜ் என்று ஆட்கள். அவர்களே உட்கார்ந்து கதை கட்டி, வசனம் பேசிப் பார்த்து, பாட்டு எழுதி வாங்கி, தனியாக எடுத்து படத்துக்குள் செருகுவார்கள். கதாநாயகி அரண்மனையில் அழுதுகொண்டிருப்பாள். வெட்டினால் இங்கே இவர்கள் இரண்டு பேரும் திண்ணையில் சண்டை போட்டுக்கொண்டிருப்பார்கள். இப்போது பார்க்கிறவனுக்கு அது ஓட்டைப் படம் மாதிரி தெரியும். அப்போது சனம் அதைக் கதம்பக் கச்சேரி மாதிரிதான் பார்த்தது: கொஞ்சம் பாட்டு, கொஞ்சம் கூத்து, கொஞ்சம் சண்டை, கொஞ்சம் சிரிப்பு.

திரைச்சீலை

அருமை ரீல்பெட்டி சார். இதற்கு நல்ல உதாரணம் 'அம்பிகாபதி' (1937). இயக்குநர் எல்லிஸ் ஆர். டங்கன் அமெரிக்கர், தமிழ் தெரியாது. கம்பர் மகன் காதல் கதையைத் தமிழ் தெரியாதவர் எடுக்கிறார். நகைச்சுவையில் அவர் என்ன திருத்தம் சொல்லியிருக்க முடியும்? கிருஷ்ணனும் மதுரமும் தங்கள் பகுதியைத் தாங்களே பார்த்துக்கொண்டார்கள் என்பதில் ஆச்சரியம் இல்லை. 1941-இல் 'அலிபாபாவும் நாற்பது திருடர்களும்' என்று இவர்களே முன்னணியில் நிற்கும் படமும் வந்தது. செருகுகிறவர்களே முழுப் படம் ஆனார்கள்.

ஒழுகினசேரிக்காரன்

ஊர்க்காரன் ஒருத்தன் வராமல் இந்த இழை நடக்குமா?

கிருஷ்ணன் பிறந்தது நாகர்கோவில் ஒழுகினசேரியில், 1908 நவம்பர் 29. அப்போது நாங்கள் திருவிதாங்கூர் ராஜ்யம். வீட்டில் வசதி இல்லை, படிப்பு சீக்கிரம் நின்றது. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்ற பையன். அப்புறம் வில்லுப்பாட்டு, அங்கிருந்து டி.கே.எஸ். சகோதரர்கள் நாடகக் கம்பெனி. முதலில் நடித்த படம் 'சதிலீலாவதி' (1936), எம்.ஜி.ஆருக்கும் அதுதான் முதல் படம். ஆனால் அவர் நடித்த 'மேனகா' (1935) அதை முந்திக்கொண்டு திரைக்கு வந்துவிட்டது.

இதெல்லாம் எல்லா இடத்திலும் கிடைக்கும். நான் சொல்ல வந்தது வில்லுப்பாட்டு பற்றி. எங்கள் ஊர்க் கோயில் கொடையில் வில்லுப்பாட்டு கேட்டவர்களுக்குத் தெரியும். நடுவில் புலவர் வில்லை அடித்துக் கதை சொல்வார். குடம், உடுக்கை, கட்டை, தாளம் என்று பக்கத்தில் ஆட்கள். அதில் ஒருவருக்குப் பாடுவதை விட முக்கியமான வேலை உண்டு. புலவர் ஒரு வரி சொன்னதும் "ஆமா" போட வேண்டும். "அப்படியா?", "அப்புறம் என்ன ஆச்சு?" என்று எடுத்துக் கொடுக்க வேண்டும். அந்த ஆமா சரியாக விழவில்லை என்றால் எவ்வளவு பெரிய புலவராக இருந்தாலும் கதை படுத்துவிடும்.

மதுரத்தை நான் எப்போதும் அந்த இடத்தில்தான் வைத்துப் பார்ப்பேன். ஒரே வித்தியாசம், அவர் "ஆமா" போட மாட்டார். "அதெப்படி?" போடுவார். கிருஷ்ணன் ஏதாவது பெருமை அளக்கத் தொடங்குவார். மதுரம் இடுப்பில் கை வைத்துக்கொண்டு கேட்பார், முகத்தில் ஒன்றும் காட்ட மாட்டார். நடுவில் ஒரு கேள்வி போடுவார். அந்தக் கேள்வியில் இவர் கட்டிய கோட்டை சாயும். சிரிப்பு வருவது இவர் சொன்னதற்கு இல்லை, அவர் கேட்டதற்கு. கிருஷ்ணன் வில்லுப்பாட்டிலிருந்து எடுத்து வந்த அந்தப் பின்பாட்டு இடத்தை ஒரு மனைவிக்குக் கொடுத்தார் என்பதுதான் என் கட்சி. அதனால்தான் அவர்கள் பேச்சு கச்சேரி மாதிரி தாளம் தப்பாமல் ஓடும்.

சும்மா_ஒருத்தன்

ஐயா இது சூப்பர். "ஆமா"வுக்குப் பதில் "அதெப்படி?". இதை மனதில் வைத்துக்கொண்டு பார்க்கிறேன்.

மீனலோசனி

இழையைத் தொடக்கத்திலிருந்து படித்தேன். கொஞ்சம் தேன் தடவுகிறீர்களோ என்று தோன்றுகிறது, மன்னிக்கவும்.

அந்த நகைச்சுவைக் காட்சிகளை நானும் பார்த்திருக்கிறேன். நிறைய இடங்களில் வடிவம் ஒன்றுதான். மனைவி மூடநம்பிக்கை பிடித்தவள், நகைக்கு ஆசைப்படுகிறவள், அக்கம்பக்கத்தில் வம்பு பேசுகிறவள். கணவன் பாட்டாகவே பாடிப் புத்தி சொல்வான். கடைசியில் அவள் தலையாட்டுவாள். சீர்திருத்தம் நல்லதுதான். ஆனால் திருந்த வேண்டியது எப்போதும் பெண்ணாகவே இருக்கிறாளே? ஒழுகினசேரிக்காரர் சொல்லும் "அதெப்படி?" உண்மை. காட்சி தொடங்கும்போது அது கேட்கிறது. முடியும்போது பெரும்பாலும் "ஆமா"தான்.

இன்னொன்று. அவர் அவ்வளவு அழகாக நடித்ததால்தான் அந்த முட்டாள் மனைவி நமக்குப் பிடிக்கிறது. அந்த அழகுக்கான சம்பளம் பெயராக அவருக்குப் போய்ச் சேரவில்லை. திரைச்சீலை கேட்ட கேள்விக்கு என் பதில் இதுதான். அவர் ஏற்ற பாத்திரங்களே அவரைப் பின்னால் நிறுத்தின.

ரீல்பெட்டி

மேடம், பாதி ஒத்துக்கொள்கிறேன். முடிவில் புத்தி சொல்வது அந்தக் கால நாடக மரபு. புத்தி சொல்லாத நாடகத்துக்கு ஊர்ப் பெரியவர்கள் குடும்பத்தை அனுப்ப மாட்டார்கள். ஆனால் சனம் வீட்டுக்கு எடுத்துப்போனது முடிவை இல்லை, நடுவில் நடந்த சண்டையை. எங்கள் அம்மா அடுப்படியில் அப்பாவைக் கிண்டல் செய்வது மதுரம் பாணியில்தான். கிருஷ்ணன் சொன்ன புத்தியை எங்கள் வீட்டில் யாரும் திருப்பிச் சொல்லி நான் கேட்டதில்லை.

மீனலோசனி

உங்கள் அம்மாவுக்கு என் வணக்கம். :)

திரைச்சீலை

எனக்கு நினைவுக்கு வரும் ஒன்று, விஞ்ஞானத்தை வளர்க்கப் போவதாகக் கணவன் மனைவியிடம் சொல்லும் பாட்டு. பட்டனைத் தட்டினால் இட்லியும் காப்பியும் பக்கத்தில் வந்து நிற்க வேண்டும் என்று அதில் வரும். உடுமலை நாராயணகவி எழுதியது. அவர்தான் இவர்களுக்கு ஏராளமான பாட்டு கொடுத்தவர். இன்று செல்போனைத் தட்டினால் இட்லி வருகிறது என்று எல்லாரும் அந்தப் பாட்டைப் பகிர்கிறார்கள். பகிர்கிறவர்கள் எல்லாரும் "என்.எஸ்.கே. அன்றே சொன்னார்" என்று போடுகிறார்கள். பாட்டு எழுதிய கவிராயரும் போச்சு, கூடப் பாடிய மதுரமும் போச்சு. பெயர் எப்படித் தேய்கிறது என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

வக்கீல்_குமாஸ்தா

நீங்கள் எல்லாரும் சிரிப்பைப் பற்றியே பேசுகிறீர்கள். மதுரம் யார் என்று தெரிய வேண்டுமானால் 1944 முதல் 1947 வரை பாருங்கள். அங்கே சிரிப்பு இல்லை.

சுருக்கமாகச் சொல்கிறேன். சினிமாக்காரர்களைப் பற்றிக் கண்டபடி எழுதி மஞ்சள் பத்திரிகை நடத்தியவர் லட்சுமிகாந்தன். முதலில் 'சினிமா தூது', பிறகு 'இந்து நேசன்'. 1944 நவம்பர் 8 அன்று சென்னை வேப்பேரியில் ரிக்‌ஷாவில் போகும்போது கத்தியால் குத்தப்பட்டார், மறுநாள் இறந்தார். கொலைச் சதி என்று எம்.கே.தியாகராஜ பாகவதர், என்.எஸ்.கிருஷ்ணன், கோவை ஸ்டூடியோ அதிபர் ஸ்ரீராமுலு நாயுடு உட்படப் பலரைக் கைது செய்தார்கள். நாயுடு விடுவிக்கப்பட்டார். மற்ற இருவருக்கும் ஜூரிகள் ஆறுக்கு மூன்று என்ற பெரும்பான்மையில் குற்றவாளி என்று சொல்ல, 1945 மே மாதம் ஆயுள் தண்டனை. உயர் நீதிமன்றத்தில் அப்பீல் தள்ளுபடி. அதன் பிறகு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனார்கள், அன்றைக்கு அதுதான் கடைசி அப்பீல் மன்றம். அங்கிருந்து வழக்கு மறுபடி சென்னைக்கே திரும்பி வந்தது. வி.எல்.எத்திராஜ் வாதாடினார். 1947 ஏப்ரலில் விடுதலை.

இது சட்டக் கதை. வீட்டுக் கதை வேறு. லண்டன் வரை வழக்கு நடத்தப் பணம் எங்கிருந்து வரும்? சம்பாதித்ததையெல்லாம் அள்ளிக் கொடுத்தே பழக்கப்பட்ட மனிதர் சிறையில். புகழின் உச்சியில் இருந்த பெயருக்குப் பக்கத்தில் "கொலை வழக்கு" என்று ஒட்டிவிட்டது. குழுவில் இருந்த குடும்பங்கள் வேறு. அந்த நேரத்தில் நடிகர் எஸ்.வி.சகஸ்ரநாமத்தைத் துணையாக வைத்துக்கொண்டு, கிருஷ்ணனின் நாடகக் கம்பெனியான என்.எஸ்.கே. நாடக சபாவை நடத்தியவர் மதுரம். சகஸ்ரநாமம் எழுதிய 'பைத்தியக்காரன்' நாடகத்தை மேடையேற்றினார்கள். பிறகு அதையே படமாகவும் எடுத்தார்கள், 1947-இல் வந்தது. வழக்குச் செலவுக்குக் காசு திரட்டுவதே அந்த முயற்சிக்குப் பின்னால் இருந்தது.

ஒழுகினசேரிக்காரன்

அதோடு கம்பெனி உடைந்ததையும் சொல்லுங்கள். நடிகர் கே.ஆர்.ராமசாமி பிரிந்து போய்த் தஞ்சாவூரில் 'கிருஷ்ணன் நாடக சபா' என்று தனியாக ஆரம்பித்தார். பிரிந்தவரும் கிருஷ்ணன் பெயரைத்தான் வைத்தார் பாருங்கள். அண்ணாவின் 'ஓர் இரவு', 'வேலைக்காரி' நாடகங்கள் அங்கேதான் மேடையேறின. ஒரு வகையில் தமிழ் நாடகத்துக்கு லாபம். ஆனால் அன்றைக்கு மதுரத்துக்கு அது எப்படி இருந்திருக்கும்? கணவர் உள்ளே, வெளியே ஒரே பெயரில் இரண்டு சபா.

திரைச்சீலை

'பைத்தியக்காரன்' பற்றி ஒரு சுவாரசியம். படம் நடந்துகொண்டிருக்கும்போதே கிருஷ்ணன் விடுதலையாகி வந்துவிட்டார். அவருக்கென்று ஒரு பாத்திரத்தைச் சேர்த்தார்கள். அவர் வந்தால் ஜோடி வேண்டுமே? மதுரமோ ஏற்கெனவே வேறு வேடத்தில் நடித்துக்கொண்டிருக்கிறார். சரி என்று மதுரத்துக்கு இரட்டை வேடம் கொடுத்துவிட்டார்கள். அந்தப் படத்தில் எம்.ஜி.ஆரும் உண்டு, சின்ன இடத்தில். கணவன் இல்லாதபோது ஒரு வேடம், வந்தபின் இன்னொரு வேடம். அந்த மூன்று வருடம் அவர் வாழ்ந்ததும் அப்படித்தானே?

சும்மா_ஒருத்தன்

இதெல்லாம் யாரும் படமாக எடுக்கவில்லையா? அப்படியே திரைக்கதை மாதிரி இருக்கிறதே.

ரீல்பெட்டி

எடுத்தால் கொலை வழக்கை ஒன்றரை மணி நேரம் எடுப்பார்கள், மதுரத்துக்கு ஒரு பாட்டு கொடுப்பார்கள். வேண்டாம் விடு.

கணக்குப்பிள்ளை

எதிர்க் கட்சியும் ஒருத்தன் பேச வேண்டும் அல்லவா, நான் பேசுகிறேன்.

கிருஷ்ணன் மதுரம் இல்லாமலும் நின்றவர். 'சகுந்தலை'யில் (1940) அவரும் துரைராஜும் மீனவர்களாக வரும் பகுதிக்கு ஜோடிப் பெண் தேவைப்படவில்லை. 'ராஜா ராணி'யில் (1956) சிரிப்பின் வகைகளை ஒவ்வொன்றாகச் சிரித்தே காட்டுவாரே, அது தனி ஆள் வித்தை. ஒரு மனிதன் நாலு நிமிடம் சிரித்துக்கொண்டே தாளம் விடாமல் பாடுவதை இன்றைக்கு யாரால் செய்ய முடியும்? 'மணமகள்' (1951), 'பணம்' (1952) இரண்டையும் இயக்கியவரும் அவர்தான். பத்மினிக்குத் தமிழில் கதாநாயகியாக வழி விட்டது 'மணமகள்'. விஸ்வநாதன்–ராமமூர்த்தி ஜோடியாக இசையமைத்த முதல் படம் 'பணம்'. அந்தப் படத்தில் கழகத்தின் மூன்று எழுத்தை "தீனா மூனா கானா" என்று பாடிவிட்டு, தணிக்கைக்காரன் முறைக்கும் முன்னால் "திருக்குறள் முன்னணிக் கழகம்" என்று திருப்பினாரே, அந்தக் குறும்பு யாருடையது?

'கலைவாணர்' பட்டம் சிறையிலிருந்து வந்த 1947-இல் பம்மல் சம்பந்த முதலியார் கொடுத்தது. ஒரு மனிதருக்குக் கொடுத்த பட்டம். அதை வைத்து அரங்கத்துக்குப் பெயர் வைத்தார்கள். பெயரைப் பாதியாக வெட்டியதாகச் சொல்வது கொஞ்சம் அதிகம் என்று நினைக்கிறேன்.

மீனலோசனி

கணக்குப்பிள்ளை, பத்மினிக்கு வழி, விஸ்வநாதன்–ராமமூர்த்திக்கு வழி என்று அவர் திறந்துவிட்ட கதவையெல்லாம் கணக்கெழுதிவிட்டீர்கள். அவர் திரும்பி வரும்வரை வீட்டுக் கதவு சாத்தாமல் பார்த்துக்கொண்டவர் உங்கள் பேரேட்டில் எந்தப் பக்கம்?

கணக்குப்பிள்ளை

வரவில்தான் மேடம், வரவில்தான். ஒப்புக்கொள்கிறேன். அரங்கத்தை மட்டும் விட்டுவிடுங்கள்.

வக்கீல்_குமாஸ்தா

இன்னொரு கோணம். பாகவதரும் அதே வழக்கில் அதே நாளில் வெளியே வந்தவர்தான். 'ஹரிதாஸ்' ஓடிக்கொண்டிருந்தபோது உள்ளே போன மனிதர், வெளியே வந்து எடுத்த 'ராஜமுக்தி' (1948) ஓடவில்லை, பழைய இடம் கடைசிவரை கிடைக்கவில்லை, 1959-இல் போய்ச் சேர்ந்தார். கிருஷ்ணனோ இரண்டு வருடத்தில் 'நல்லதம்பி' கொடுத்தார். ஏன் இந்த வித்தியாசம்? சினிமா மாறிவிட்டது, பாட்டு குறைந்து வசனம் வந்துவிட்டது, வசனம் பேசுகிறவனுக்கு அது தோது என்பார்கள். அது சரிதான். ஆனால் அவர் திரும்பி வந்தபோது கம்பெனி உயிரோடு இருந்தது, ஆட்கள் இருந்தார்கள், ஒரு படம் பாதியில் இருந்தது. பாகவதருக்கு அப்படி ஒரு மேடையைச் சூடு ஆறாமல் யாரும் வைத்திருக்கவில்லை.

திரைச்சீலை

இதைத்தான் நான் சொல்ல நினைத்தேன், எனக்கு இவ்வளவு தெளிவாக வரவில்லை. நன்றி.

'நல்லதம்பி' (1949) பற்றிச் சும்மா_ஒருத்தனுக்காக: அண்ணா சினிமாவுக்கு எழுதிய கதை வசனம், கிருஷ்ணன்–பஞ்சு இயக்கம் (இந்தக் கிருஷ்ணன் வேறு ஆள்), பானுமதி, மதுரம் எல்லாரும் உண்டு. அதில் வரும் கிந்தனார் காலட்சேபத்தைத் தனியாகவே பார்க்கலாம். நந்தனார் சரித்திரக் கீர்த்தனையின் அச்சில் வார்த்த கதை. நந்தனுக்குச் சிதம்பரம் போக ஆசை. கிந்தனுக்குப் பட்டணம் போய்ப் படிக்க ஆசை. ரயில் ஏறிப் போகிறான், படிக்கிறான், பள்ளிக்கூட இன்ஸ்பெக்டராக ஊருக்குத் திரும்பி வருகிறான். காலட்சேபம் செய்யும் பாகவதர்கள் மாதிரி சப்ளாக்கட்டை தட்டி, அந்த இழுப்பும் அந்தக் குழைவும் அப்படியே வைத்து, உள்ளே இருக்கும் சாமியை மட்டும் மாற்றிவிட்டார். பக்தி ரசத்தில் உட்கார்ந்திருந்த ஆளுக்குத் தான் எப்போது கை தட்டினோம் என்றே தெரியாது.

சும்மா_ஒருத்தன்

குறித்துக்கொண்டேன். இன்றைக்கு ராத்திரி ஆச்சியோடு பார்க்கிறேன்.

அப்புறம் ஒரு கேள்வி, தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். விக்கியில் அவருக்கு வேறு மனைவிகளும் இருந்ததாகப் படித்தேன். இவ்வளவு ஜோடி ஜோடி என்கிறீர்களே?

நெறியாளர்

கேள்வி நியாயம். பதிலை வெளிப்படையாகத் தெரிந்த விஷயத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள். குடும்பத்தார் இன்றும் இருக்கிறார்கள்.

ஒழுகினசேரிக்காரன்

ஊரறிந்ததை மட்டும் சொல்கிறேன். மதுரத்தைக் கட்டுவதற்கு முன்னாலேயே ஊரில் அவருக்கு நாகம்மை என்று மனைவி இருந்தார். மதுரத்துக்கு அது பிறகுதான் தெரிய வந்ததாகச் சொல்வார்கள். மதுரத்துக்குப் பிறந்த குழந்தை தங்கவில்லை. பிற்பாடு மதுரத்தின் தங்கை வேம்புவையும் அவர் மணந்தார். மதுரமே முன்நின்று செய்து வைத்ததாக எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் பேசிக் கேட்டிருக்கிறேன்.

அந்த முதல் சந்திப்பைப் பற்றியும் ஒரு கதை உண்டு. 'வசந்தசேனா'வுக்காகப் புனா போன இடத்தில் கம்பெனியிடம் காசு இல்லை, சாப்பாட்டுக்கே தட்டுப்பாடு. கிருஷ்ணன் மதுரத்தின் கையிலிருந்த வளையலை வாங்கிக் கொண்டுபோய்ப் பணமாக்கி எல்லாருக்கும் சோறு போட்டாராம். இதை அவருடைய வள்ளல் குணத்துக்கு உதாரணமாகச் சொல்லிச் சொல்லி வந்திருக்கிறார்கள். நான் சின்ன வயசில் இதைக் கேட்டபோது எங்கள் அம்மா ஒன்று சொன்னாள்: "அவன் குடுத்தான்னு சொல்லுதியளே, வளையல் யாரு கையில கெடந்தது?"

மீனலோசனி

உங்கள் அம்மாவுக்கு இன்னொரு வணக்கம். இந்த இழையில் அம்மாக்கள்தான் சரியாகப் பேசுகிறார்கள்.

மூன்றாவது கல்யாணத்தை "முன்நின்று செய்து வைத்தார்" என்பதை நான் தியாகமாகக் கொண்டாட மாட்டேன். அந்தக் காலத்தில் குழந்தை இல்லாத பெண்ணுக்கு எத்தனை வழி இருந்தது? மேடையில் கணவனை மடக்கிக் கேள்வி கேட்ட அதே பெண் வீட்டில் எதைக் கேட்டார், எதை விழுங்கினார் என்று யாரும் எழுதி வைக்கவில்லை. அவர் சோகத்தில் கரைந்து போனவர் என்றும் நான் சொல்ல மாட்டேன். கம்பெனி நடத்தியவர் அவ்வளவு எளிதில் கரைய மாட்டார்.

ரீல்பெட்டி

ஜோடி என்று பேசும்போது கே.ஏ.தங்கவேலு – எம்.சரோஜாவை விடக்கூடாது. 'கல்யாணப் பரிசு' (1959) பார்க்காதவர் இருக்க முடியாது, அதில் தங்கவேலு மன்னார் கம்பெனியில் வேலை என்று புளுகுவாரே. அவர்களும் வாழ்க்கையில் ஜோடியானவர்கள். தங்கவேலு கிருஷ்ணன் பட்டறையில் தயாரானவர். அந்தக் காட்சிகளில் மனைவி கேள்வி கேட்கக் கேட்கக் கணவன் புளுகு ஒவ்வொன்றாக அவிழும். ஒழுகினசேரிக்காரர் சொன்ன "அதெப்படி?" அங்கேயும் இருக்கிறது பாருங்கள். அங்கே புத்தி சொல்லி முடிக்கிற வேலையும் இல்லை. மேடம் கேட்ட குறை அடுத்த தலைமுறையில் கொஞ்சம் தீர்ந்தது என்று வைத்துக்கொள்ளலாம்.

கணக்குப்பிள்ளை

வில்லுப்பாட்டு பற்றிச் சொன்னதற்கு ஒரு சேர்க்கை. கடைசி வருடங்களில் கிருஷ்ணன் காந்தி கதையை வில்லில் பாடினார். திருநெல்வேலியிலிருந்து சுப்பு ஆறுமுகத்தைச் சென்னைக்கு அழைத்து வந்தவரும் அவரே. சுப்பு ஆறுமுகம் பிறகு வில்லிசை என்றாலே நினைவுக்கு வரும் பெயராகி, 2021-இல் பத்மஸ்ரீ வாங்கி, 2022-இல் மறைந்தார். நாகர்கோவிலில் காந்திக்கு நினைவுத்தூண் எழுப்பியதும் கிருஷ்ணன் கைக்காசில். அண்ணாவோடு சிநேகம், காந்திக்குத் தூண். அந்தக் காலத்து ஆட்களை இன்றைய கட்சிப் பெட்டிக்குள் அடைக்க முடியாது.

ஒழுகினசேரிக்காரன்

1957 ஆகஸ்ட் 30 அன்று கிருஷ்ணன் போனார். ஐம்பது கூட ஆகவில்லை. மதுரம் 1974 வரை இருந்தார். பதினேழு வருடம். தியாகராய நகரில் சிலை திறந்தது 1969 ஜனவரி 14, அண்ணா கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அதுதான். மூன்று வாரத்தில் அவரும் போய்விட்டார். அந்தச் சிலையைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லாரும் அண்ணாவின் உடல்நிலையைப் பற்றித்தான் எழுதுகிறார்கள். அப்போது மதுரம் உயிரோடு இருந்தார் என்று ஒரு வரி சேர்த்தால் என்ன?

திரைச்சீலை

அரங்கத்தின் பெயரை மாற்றச் சொல்லி மனுப் போடப் போவதில்லை, கணக்குப்பிள்ளை பயப்பட வேண்டாம். அந்த இடத்துக்கே எத்தனை வேடம். 1952 முதல் 1956 வரை அங்கே சட்டமன்றம் நடந்தது. பழைய கட்டடத்தை இடித்துப் புதிதாகக் கட்டி 2016-இல் திறந்தார்கள். கொரோனா காலத்தில் மறுபடி சட்டமன்றம் அங்கேயே கூடியது. உள்ளே எங்காவது ஒரு சுவரில் இரண்டு பேரும் சேர்ந்து நிற்கும் பெரிய படம் ஒன்று மாட்டினால் எனக்குப் போதும். அந்தப் பேருந்துப் பையன்கள் தேடும்போது இரண்டு பெயரும் சேர்ந்து வந்தால் இன்னும் நல்லது. விக்கியில் எழுதத் தெரிந்தவர்கள் இங்கே இருந்தால் மதுரம் அம்மா பக்கத்தைக் கொஞ்சம் கவனியுங்கள்.

வக்கீல்_குமாஸ்தா

நாடக சபா பகுதியை நான் எழுதுகிறேன். வழக்குத் தேதிகள் என்னிடம் இருக்கின்றன.

சும்மா_ஒருத்தன்

நேற்று ராத்திரி 'நல்லதம்பி' பார்த்தோம். முதல் அரை மணி நேரம் நான் செல்போனும் கையுமாகத்தான் இருந்தேன், பொய் சொல்லவில்லை. கிந்தனார் வந்ததும் கீழே வைத்துவிட்டேன். ரயில் சத்தத்தை வாயாலேயே ஓட்டும் இடத்தில் பின்னால் போய் இரண்டு தரம் பார்த்தேன்.

ஆச்சிக்குக் கண் சரியாகத் தெரியாது, காதால்தான் பார்ப்பாள். மதுரம் குரல் கேட்டதும் "வந்துட்டா, இனி அவனுக்கு இருக்கு" என்றாள். மதுரம் அதுவரை ஒன்றுமே சொல்லியிருக்கவில்லை. சும்மா அவரைக் கூப்பிட்டதுதான். ஆச்சி அதற்கே சிரிக்க ஆரம்பித்துவிட்டாள்.

அடுத்து எது பார்க்கலாம்?

ரீல்பெட்டி

'மணமகள்' போடு. இணையத்தில் இருக்கும் பிரதி சுமார்தான், ஒலி அமுங்கி இருக்கும். ஆச்சிக்குப் பக்கத்தில் ஸ்பீக்கரை வை.